இரண்டு நாடுகள் பேசிக்கொள்ளாத காலத்தில்

இன்று காலை சமையலறையிலிருந்து வந்த வாசனைக்கு, குடித்துக்கொண்டிருந்த காபியை அப்படியே வைத்துவிட்டு எழுந்து போனேன். வெள்ளை மக்காச்சோள மாவு கல்லில் லேசாகத் தீயும் வாசனை. நம்மூரில் தள்ளுவண்டியில் சுட்டு விற்கும் சோளக்கதிரின் வாசனை வேறு, இது வேறு. மரியேலா அனுப்பிய மாவை வெந்நீர் விட்டுப் பிசைந்து, உள்ளங்கை அகலத்துக்குத் தடிமனாகத் தட்டி, என் மனைவி கலா தோசைக்கல்லில் போட்டிருந்தாள்.

"பார்சல் வந்து ரொம்ப நாளாச்சுங்க. வண்டு விழுந்துடும்னு எடுத்தேன். ஏன் இப்படி நிக்கிறீங்க?" என்றாள்.

ஒன்றுமில்லை என்றேன்.

மரியேலா உன் மனைவி. இதை எழுதும்போது இன்றைக்கும் கை ஒரு கணம் நின்றுவிடுகிறது. நீ இல்லை என்பதையும், உனக்கு ஒரு மனைவி இருக்கிறாள் என்பதையும் ஒரே போன் அழைப்பில் கேட்டவன் நான். அதனால்தானோ என்னவோ, ஒன்றை நினைத்தால் மற்றதும் கூடவே வந்துவிடுகிறது. காபி ஆறிப்போனது. நான் உனக்கு எழுத உட்கார்ந்துவிட்டேன்.

அந்த ரொட்டியைப் பற்றி நீ ஒருமுறை போனில் சொன்னது நினைவிருக்கிறது. "ரெண்டு நாட்டுலயும் காலைல இதைத்தாண்டா திங்கிறாங்க. பேரும் ஒண்ணுதான். இந்தப் பக்கம் மெல்லிசா தட்டுவாங்க, அந்தப் பக்கம் மொத்தமா தட்டுவாங்க. ரெண்டு நாடா இருக்கறதுக்கு வேற காரணம் எனக்குத் தெரியல." அன்றைக்குச் சிரித்தேன்.

திருச்சியில் நாம் ஒன்றாக ஆட்டோமொபைல் டிப்ளமோ முடித்தபோது, நீ அவ்வளவு தூரம் போவாய் என்று யாரும் நினைக்கவில்லை. நான் பரீட்சை எழுதிப் பொன்மலை ரயில்வே பணிமனைக்குள் நுழைந்தேன். நீ ஓசூரில் ஒரு பைக் கம்பெனியில் சேர்ந்தாய். சில வருடங்களில் கம்பெனி உன்னைக் கொலம்பியாவுக்கு அனுப்பியது. அங்கே ஷோரூம்களில் இருக்கும் மெக்கானிக்குகளுக்குப் பயிற்சி கொடுக்கும் வேலை. உன்னை வழியனுப்பிவிட்டு வந்த அன்று உன் அப்பா என்னிடம், "அது எங்கப்பா இருக்கு, ஆப்பிரிக்கா பக்கமா?" என்று கேட்டார். எனக்கும் தெரியவில்லை. இருவரும் போனில் வரைபடத்தை விரித்துத் தேடினோம். தென் அமெரிக்காவின் தலைப்பகுதியில் கொலம்பியா. அதன் வலத்தோளை ஒட்டினாற்போல் வெனிசுவேலா. அந்த இரண்டாவது பெயரை நாங்கள் அன்று கவனிக்கவேயில்லை.

உன்னை அவர்கள் போட்ட ஊர் எல்லைக்கு அருகில் இருந்தது. ஊருக்கு வெளியே ஒரு சின்ன ஆறு, அதன்மேல் ஒரு பாலம், பாலத்தைத் தாண்டினால் வெனிசுவேலா. "இங்க பாலத்துல தினமும் தேர்த்திருவிழாக் கூட்டம்டா," என்று வீடியோவில் காட்டினாய். பள்ளிச் சீருடையில் பிள்ளைகள், சூட்கேஸ் உருட்டுகிறவர்கள், கோழியைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு ஒரு கிழவர். "எங்க ஸ்பேர் பார்ட்ஸ் கவுன்டர்ல ஒரு பொண்ணு இருக்கு. தினமும் அடுத்த நாட்டுலேர்ந்து நடந்தே வேலைக்கு வருது. சாயங்காலம் நடந்தே அந்த நாட்டுக்குத் திரும்பிப் போகுது." நீ அவளைப் பற்றி என்னிடம் சொன்னது அவ்வளவுதான். உன் குரலில் ஏதாவது இருந்ததா என்று பிற்பாடு எத்தனையோ முறை யோசித்துப் பார்த்தேன். எனக்கு எதுவும் அகப்படவில்லை.

பிறகு அந்த இரண்டு நாடுகளும் பேச்சை நிறுத்திக்கொண்டன.

அதை நீ சொன்ன விதம் எனக்கு மறக்காது. "பக்கத்து நாட்டுல யாரு ஜனாதிபதிங்கறதுல சண்டைடா. இவங்க ஒருத்தரைச் சொல்றாங்க, அவங்க இன்னொருத்தரைச் சொல்றாங்க. தூதரகத்தை எல்லாம் காலி பண்ணச் சொல்லிட்டாங்க. பாலத்துல கண்டெய்னரைக் கொண்டுவந்து குறுக்க போட்டுட்டாங்க."

"உனக்கு என்னடா அதுல? நீ இந்தியாக்காரன்," என்றேன்.

"எனக்கு ஒண்ணுமில்ல," என்றாய். பிறகு, "ஒரு பேப்பர்ல முத்திரை வாங்கணும். அந்த நாட்டுக் கான்சலேட்டு இங்க இருந்தாத்தான் ஆகும். திறக்கட்டும், பாப்போம்," என்றாய். என்ன காகிதம் என்று நான் கேட்கவில்லை. கம்பெனி வேலையாக இருக்கும் என்று விட்டுவிட்டேன்.

அந்தக் காகிதம் உன் கல்யாணச் சான்றிதழ். பாலத்தின் அந்தப் பக்கம், மரியேலாவின் ஊரில் பதிந்தது. இந்தப் பக்கம் அது செல்லுபடியாக வேண்டுமானால் முத்திரை வேண்டும். முத்திரை கிடைத்த பிறகு அவளைக் கூட்டிக்கொண்டு ஊருக்கு வந்து நேரிலேயே சொல்லிவிடலாம் என்று இருந்திருக்கிறாய். வெறும் வாயால் சொன்னால் அப்பா நம்பமாட்டார் என்று அவளிடம் சொன்னாயாம்.

கொஞ்ச நாளில் நடந்து போகிறவர்களை மட்டும் பாலத்தில் விட்டார்கள். பிறகு உலகம் முழுக்க நோய்க்காலம் வந்தது, அதையும் அடைத்தார்கள். எப்போது திறப்பது என்று கலந்து பேச இரண்டு அரசுக்கும் இடையே ஒரு ஆள்கூட இல்லை. ஜனங்கள் பாலத்துக்குக் கீழே புதருக்குள் இருக்கும் ஒற்றையடிப் பாதைகளில் இறங்கி, ஆற்றைக் கடந்து போய் வந்தார்கள். நீயும் போகிறாய் என்று எனக்குத் தெரியும். ஏன் என்றுதான் தெரியாது. "அங்க ஒருத்தருக்கு மருந்து கிடைக்கலடா, இங்கேருந்து வாங்கிக் கொண்டுபோய்க் கொடுக்கறேன்," என்றாய். "ஆறுன்னு பேருதான். கணுக்கால் தண்ணி. நம்ம ஊரு வாய்க்கால் பெருசு."

நானும் நம்பினேன். ஆடிப் பதினெட்டுத் தண்ணீரில் காவிரியை அக்கரை வரை நீந்திவிட்டு வந்தவனிடம் நான் என்ன சொல்ல முடியும்?

அந்த அழைப்பு ஒரு மாலையில் வந்தது. வேலை முடிந்து பணிமனை வாசலில் வண்டியை எடுத்துக்கொண்டிருந்தேன். ஷோரூம் மேனேஜர் என்று ஒருவர், நிதானமான ஆங்கிலத்தில் பேசினார். மலையில் பெருமழை பெய்து ஆற்றில் திடீரென்று வெள்ளம் வந்ததாகச் சொன்னார். நீ கடந்துகொண்டிருந்ததாகச் சொன்னார். ஆற்றோட்டத்தில் கீழே, வெனிசுவேலாப் பக்கக் கரையில் உடல் கிடைத்தது என்றார். "அவருடைய மனைவி அடையாளம் காட்டிவிட்டார்," என்றார்.

எனக்கு எங்கிருந்தோ ஒரு தெம்பு வந்தது. "அவருக்குக் கல்யாணம் ஆகலை சார். நீங்க சொல்றது வேற யாரோ," என்றேன். அவர், "அந்தப் பெண் எங்களிடம்தான் வேலை பார்த்தார். அவர்கள் கல்யாணத்துக்கு நான் போயிருந்தேன்," என்றார்.

ஷிப்டு விட்டு வருகிறவர்களின் சைக்கிள்களும் பைக்குகளும் என்னைச் சுற்றிக்கொண்டு போயின. யாரோ தோளைத் தட்டி "என்னப்பா, வரலையா?" என்றார்கள். வண்டியை அங்கேயே விட்டுவிட்டு நடந்தே ரயில்வே காலனி கடைசி வரைக்கும் போய்விட்டேன் என்பது, திரும்பி வந்தபோதுதான் தெரிந்தது.

மறுநாள் உங்கள் ஊர் தொட்டியத்துக்குப் போனேன். உன் அப்பா வாழைத்தோப்பில் தார் போட்ட மரங்களுக்கு முட்டுக் கொடுத்துக்கொண்டிருந்தார். உன் அம்மா வரப்பில் நின்று கயிறு எடுத்துக் கொடுத்துக்கொண்டிருந்தார். சொன்னேன். எப்படிச் சொன்னேன் என்று கேட்காதே.

உன் அப்பா சிரித்தார். நிஜமாகவே சிரித்தார்.

"ஆத்துலயா? எம் புள்ளயா? ஆளை மாத்திச் சொல்றாங்கப்பா."

"மாமா, அவங்க அடையாளம் பாத்துட்டாங்க."

"யாரு பாத்தா?"

வேறு வழியில்லாமல் சொன்னேன். "அவன் சம்சாரம்."

அவர் முகம் தெளிந்தது. எனக்கு முந்தின நாள் வந்த அதே தெம்பு அவருக்கும் வந்ததைப் பார்த்தேன். "பாத்தியா? எம் புள்ளைக்குத்தான் கல்யாணமே ஆகலியே. அந்தப் பொண்ணு புருசன் வேற எவனோ. பாவம், யாரு பெத்த புள்ளயோ." கயிற்றை வாங்கி மரத்தில் கட்டத் தொடங்கினார். உன் அம்மா வரப்பிலேயே உட்கார்ந்துவிட்டார்.

உன் உடல் வரவில்லை. பாஸ்போர்ட் ஒரு நாட்டில், நீ மறு நாட்டில். நம் தூதரக அதிகாரிகள் இரண்டு தலைநகரங்களிலும் முடிந்ததைச் செய்தார்கள். ஆனால் அந்த இரண்டு நாடுகளுக்கு நடுவே ஒரு காகிதம் போய்ச் சேரக்கூட வழி இல்லை. கடைசியில் மரியேலாதான் உன்னை எரித்தாள். அவர்கள் வழக்கத்தில் புதைப்பார்கள். "எங்க ஊரில் எரிப்போம்" என்று நீ எப்போதோ பேச்சுவாக்கில் சொன்னதை வைத்துக்கொண்டு, தகன மேடை இருக்கிற ஊரைத் தேடிக் கொண்டுபோயிருக்கிறாள். உன் அம்மா என் மூலமாகச் சரி என்று சொல்லியனுப்பினார். அப்பாவை யாரும் கேட்கவில்லை. கேட்டாலும், அது வேறு எவனோ என்றுதான் சொல்லியிருப்பார். ஒரு வருடத்துக்கு மேல் அதையேதான் சொல்லிக்கொண்டிருந்தார். காரியம் செய்ய விடவில்லை. தோப்புக்கு வருகிறவர்களிடம், "அங்க சண்டை நடக்குது, போன் போகலை, அதான் பேச முடியலை," என்பார்.

பிறகு ஒரு நாள், இரண்டு நாடுகளும் பேசத் தொடங்கிவிட்டதாகச் செய்தி வந்தது. கொலம்பியாவில் ஆட்சி மாறியிருந்தது. தூதர்கள் திரும்பிப் போனார்கள். பாலம் திறந்ததை வீடியோவில் பார்த்தேன். வண்ண வண்ணப் பலூன்கள், இரண்டு கொடிகள், கைகுலுக்கும் அதிகாரிகள். கண்டெய்னர்கள் அகற்றப்பட்ட பாதையில் லாரிகள் மெதுவாகப் போயின. ஓரத்தில் நின்றவர்கள் கைதட்டினார்கள்.

உன் சாவுச் செய்தியைவிட அதுதான் என்னை உலுக்கியது என்று சொன்னால் நம்புவாயா? இவ்வளவுதானா என்று வாய்விட்டுக் கேட்டேன். ஒரு தேர்தல், இரண்டு கையெழுத்து, ஒரு கிரேன். இவ்வளவில் முடிகிற ஒன்றா உன்னை ஆற்றில் இறக்கியது?

சில மாதங்கள் கழித்து மரியேலா வந்தாள். விமான நிலையத்தில் அவளை அடையாளம் காண்பது கஷ்டமாக இல்லை. நெஞ்சோடு ஒரு துணிப்பையை இரண்டு கைகளாலும் பிடித்துக்கொண்டு வந்த ஒரே ஆள் அவள்தான். முதலில் என்னிடம் ஒரு காகிதத்தை நீட்டினாள். மூலையில் புதிய முத்திரை. "அவர் கேட்டுக்கொண்டே இருந்தது," என்றாள் ஆங்கிலத்தில். நீ இறந்த பிறகுதான் உன் கல்யாணம் செல்லுபடியானது.

அவளை ஸ்ரீரங்கத்தில் என் வீட்டுக்கு அழைத்துப் போனேன். அப்போது நம் காவிரிப் பாலத்தில் பழுதுபார்க்கும் வேலை நடந்துகொண்டிருந்தது. வண்டிகளை விடாமல் தடுப்பு வைத்திருந்தார்கள். ஆட்டோ அந்தப் பக்கமாகத் திரும்பி, சென்னை நெடுஞ்சாலைப் பாலத்தைச் சுற்றிப் போக வளைந்தபோது, அவள் தடுப்பைப் பார்த்துவிட்டாள். பையை இறுக்கிக்கொண்டாள்.

"இங்கே யார் யாரோடு பேசுவதில்லை?" என்று கேட்டாள்.

"சண்டை இல்லம்மா. ரிப்பேர்," என்றேன். அவள் நம்பவில்லை. இரண்டு முறை கேட்டாள். ஆட்டோக்காரர் திரும்பி, "என்னங்க கேக்குறாங்க?" என்றார். சொன்னேன். அதற்குப் பிறகு வீடு வரும்வரை அவர் ஹாரன்கூட அடிக்கவில்லை.

தொட்டியத்தில் உன் அப்பா வீட்டுக்கு வெளியே நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். உள்ளே வா என்று சொல்லவில்லை. மரியேலா அவர் எதிரில் நின்று, நீ சொல்லிக்கொடுத்திருந்த தமிழில், "சாப்பிட்டியா?" என்றாள். உனக்கு அதை மரியாதையாகச் சொல்லிக்கொடுக்கத் தோன்றவில்லையாடா? உன் அப்பாவுக்கு என்ன செய்வதென்று தெரியாமல், "ம், ஆச்சு," என்றார். உன் அம்மா அவள் கையைப் பிடித்து உள்ளே அழைத்துப் போய் உட்காரவைத்தார். அப்பா வாசற்படி வரைக்கும் வந்து நின்றுகொண்டார்.

அவள் ஆங்கிலத்தில் சொல்லச் சொல்ல நான் தமிழில் சொன்னேன். அவளுடைய அம்மாவுக்குக் கடுமையான சர்க்கரை நோய். அந்தப் பக்கம் இன்சுலின் கிடைக்காத காலம். அம்மாவை விட்டுவிட்டு அவளால் வர முடியவில்லை. நீதான் வாரத்துக்கு ஒருமுறை வாங்கிக்கொண்டு ஆற்றைக் கடந்திருக்கிறாய். அன்றைக்கும் அதற்குத்தான். உன்னைக் கண்டெடுத்தபோது மருந்துப் பொட்டலம் உன் இடுப்பில் கட்டியபடியே இருந்ததாம். உள்ளே ஒரு சொட்டுத் தண்ணீர் போகவில்லை.

அப்பா வாசற்படியிலிருந்து கேட்டார். "எப்படிக் கட்டியிருந்தான்?"

நான் கேட்டேன். மரியேலா எழுந்து, உன் அம்மா தோளில் கிடந்த துண்டை வாங்கி, தன் இடுப்பில் இறுக்கச் சுற்றிக் காட்டினாள். முடிச்சை முன்னால் போடவில்லை. கையைப் பின்னால் கொண்டுபோய், முதுகுப் பக்கம் போட்டாள்.

அப்பாவின் கை நிலைக்கதவைப் பிடித்தது. "முடிச்சு முன்னால இருந்தா நீந்துறப்ப கை தட்டும்னு நான்தாம்பா சொன்னேன்," என்றார். "சின்னப் புள்ளைல சொன்னது." அப்புறம் அவர் வேறு எவனோ என்று சொல்லவேயில்லை. மெல்லக் கீழே உட்கார்ந்தார்.

மரியேலா இன்னும் முடிக்கவில்லை. தலை குனிந்தபடியே பேசினாள். நான் திருப்பிச் சொல்லத் தயங்கினேன். "சொல்லுப்பா," என்றார் உன் அம்மா.

"அந்த மருந்தைத் தூக்கிப் போட மனசு வரலையாம். அவங்க அம்மாவுக்குப் போட்டாங்களாம். அது தீர்ற வரைக்கும் போட்டாங்களாம். அதை உங்ககிட்ட நேர்ல சொல்லத்தான் வந்தாங்களாம்."

உன் அம்மா புரியாதவர் போல அவளையே பார்த்தார். பிறகு, "போடாம பின்ன? அதுக்குத்தான கொண்டுபோனான்," என்றார். அவள் முகத்தை நிமிர்த்தி, "உங்கம்மா இப்ப எப்படி இருக்காங்க?" என்று கேட்டார்.

நான் அதை மொழிபெயர்க்க வாயைத் திறந்தேன். அதற்குள் மரியேலா உன் அம்மாவின் கையைப் பற்றிக்கொண்டாள். அவளுக்கு அது தேவைப்படவில்லை.

மறுநாள் ஸ்ரீரங்கம் அம்மா மண்டபத்தில், காவிரிப் படித்துறையில் கூட்டம் குறைவாக இருந்தது. காரியம் செய்துவைக்க வந்தவர் பையைப் பார்த்தார், மரியேலாவைப் பார்த்தார். "இவங்க யாருங்க?" என்று என்னைக் கேட்டார். நான் பதில் சொல்வதற்குள் உன் அப்பா, "எம் மருமக," என்றார். ஒன்றரை வருடமாக அந்த ஒரு சொல்லைத்தான் அவர் சொல்லாமல் காத்துவந்தார். அதைச் சொல்லியாயிற்று என்றால் நீ செத்தாயிற்று. சொல்லிவிட்டு வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு தண்ணீரில் இறங்கினார். இடுப்பளவுத் தண்ணீரில் நின்று இரண்டு கைகளையும் நீட்டினார். மரியேலா உன்னை அவரிடம் கொடுத்தாள். அப்போதுதான் அவர் அழுதார். கரையில் இருந்தவர்கள் எல்லாரும் திரும்பிப் பார்க்கும்படி அழுதார்.

அவள் ஊர் திரும்பிவிட்டாள். உன் அம்மாவோடு வாராவாரம் போனில் பேசுகிறாள். முதலில் இடையில் நான் வேண்டியிருந்தது. இப்போது என்னைக் கூப்பிடுவதில்லை, என்ன பேசிக்கொள்கிறார்கள் என்று எனக்குத் தெரியாது. அந்த இரண்டு நாடுகளும் அதற்கப்புறமும் அவ்வப்போது முறைத்துக்கொள்கின்றன. சில நாள் எல்லையைச் சாத்துகிறார்கள், பிறகு திறக்கிறார்கள். அப்படிச் செய்தி வரும்போதெல்லாம் யாருடைய இடுப்பில் என்ன கட்டியிருக்கிறதோ என்றுதான் எனக்கு முதலில் தோன்றுகிறது.

நம் பாலமும் எப்போதோ திறந்துவிட்டது. தினமும் அதன் வழியாகத்தான் பொன்மலைக்கு வேலைக்குப் போகிறேன். நடுப்பாலத்துக்கு வரும்போது சில நாட்களில் காரணமில்லாமல் பிரேக்கை அழுத்திவிடுகிறேன். போன வாரமும் அப்படி நின்றுவிட்டேன். பின்னால் வந்த பால்காரர் ஒருவர், வண்டியில் கேன்கள் இடிபட, என் பக்கத்தில் வந்து நிறுத்தினார்.

"என்னண்ணே, ஏன் நின்னுட்டீங்க? வழிதான் இருக்கே," என்றார்.

"ஆமாங்க, இருக்கு," என்றேன். சொல்லிவிட்டும் கொஞ்ச நேரம் நின்றேன். பிறகு வண்டியை எடுத்தேன்.